ஏரிக்கரை ஊரும் ஒரு குட்டிக் காரும்

வேகக் கார்களின் திருவிழாவை 38 முறை நடத்திய ஆஸ்திரிய ஊர் அதை முடித்துக்கொண்டது. அந்தக் கார் பிறந்த ஜெர்மன் நகரமோ காரையே வெளியூருக்கு அனுப்பத் தயாராகிறது.

தெற்கு ஆஸ்திரியாவில், கேரிந்தியா மாநிலத்தின் மிகப் பெரிய ஏரி வோர்த்தர்சே. கிழக்கே கிளாகன்ஃபர்ட் நகரின் விளிம்பில் தொடங்கி மேற்கே ஃபெல்டன் வரை 16 கிலோமீட்டருக்கும் மேல் நீண்டு கிடக்கிறது. சுற்றிலும் மலைகள் இருந்தாலும் கோடையில் தண்ணீர் வெதுவெதுப்பாகிவிடும். அதனால்தான் நூறாண்டுகளுக்கும் மேலாக வியன்னாவின் வசதி படைத்தவர்கள் கோடையைக் கழிக்க இங்கே வந்தார்கள். வடகரையில் உள்ள பெர்ட்ஷாக்கில் தங்கித்தான் 1878-ல் பிராம்ஸ் தன் வயலின் கான்சர்ட்டோவை எழுதினார். தென்கரையில் மையர்னிக் என்ற இடத்தில் காட்டுக்குள் ஒரு சிறு குடில் இருக்கிறது. 1900 முதல் 1907 வரை கோடைகளில் குஸ்டாவ் மாஹ்லர் அங்கே உட்கார்ந்துதான் தன் சிம்பனிகளை எழுதினார். சத்தம் ஆகாத மனிதர். வீட்டை விட்டு விலகிக் காட்டுக்குள் குடில் கட்டிக்கொண்டதே அதற்காகத்தான்.

அந்தக் குடிலிலிருந்து கரையோரமாகவே சில கிலோமீட்டர் மேற்கே போனால் ரைஃப்னிட்ஸ் வரும். மரியா வோர்த் ஊராட்சியைச் சேர்ந்த சிற்றூர். ஏரிக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் நிலத்துண்டில் பழைய மாதா கோயில், கல்யாணத்துக்கு வரும் ஜோடிகள், படகுத்துறை, விடுதிகள். ஊராட்சி முழுவதும் சேர்த்து ஜனத்தொகை இரண்டாயிரத்தைக்கூடத் தொடாது. இந்த ஊரைத்தான் ஐரோப்பாவின் கார் பித்தர்கள் தங்கள் புண்ணியத் தலமாக வைத்திருந்தார்கள். 1982 முதல் 2019 வரை ஆண்டுதோறும் மே மாத வாக்கில் ஜெர்மனி, இத்தாலி, நெதர்லாந்து, ஸ்லோவேனியா என்று நாலா பக்கமிருந்தும் இங்கே வந்து குவிந்தார்கள். கூட்டம் உச்சத்தில் இருந்த ஆண்டுகளில் ஒரு லட்சம் பேருக்கும் மேல்.

வந்தவர்கள் கொண்டாடியது ஃபெராரியை அல்ல, போர்ஷையும் அல்ல. பள்ளிக்கூட ஆசிரியரும் மின்வாரிய ஊழியரும் தவணையில் வாங்கக்கூடிய ஒரு குட்டிக் கார். பெயர் ஃபோக்ஸ்வேகன் கால்ஃப் ஜி.டி.ஐ. இன்று உலகம் முழுவதும் 'ஹாட் ஹாட்ச்' என்று அழைக்கப்படும் வேகமான சிறிய கார் இனத்துக்கு ஏறக்குறைய இதுதான் மூதாதை.

ஹாட்ச்பேக் என்பது இந்திய நடுத்தரக் குடும்பங்களுக்கு நன்கு பழகிய கார்தான். தனியாகத் துருத்தி நிற்கும் டிக்கி கிடையாது. பின்பக்கக் கண்ணாடியோடு சேர்ந்து ஒரே கதவாக மேலே திறக்கும். பின் சீட்டை மடக்கினால் மிதிவண்டியைக்கூட உள்ளே தள்ளிவிடலாம். எஞ்சின் முன்பக்கம் குறுக்காக உட்கார்ந்து முன் சக்கரங்களையே சுழற்றுவதால் உள்ளே மனிதர்களுக்கு இடம் மிச்சமாகிறது. சிக்கனத்துக்காகப் பிறந்த வடிவம் இது. அதற்குள் பந்தயக் காரின் உற்சாகத்தைப் புகுத்தலாம் என்று தோன்றியது எப்படி என்பதுதான் சுவாரசியமான கதை.

கதை தொடங்குவது ரைஃப்னிட்ஸில் அல்ல, அங்கிருந்து வெகு தொலைவில் வட ஜெர்மனியில் உள்ள வோல்ஃப்ஸ்பர்க்கில். கார் தொழிற்சாலைக்காகவே 1938-ல் நாஜி ஆட்சி உருவாக்கிய நகரம் அது. போர்க்காலத்தில் தொழிற்சாலையில் ஆயிரக்கணக்கானோர் கட்டாய உழைப்பில் வதைபட்டார்கள். போர் முடிந்ததும் பிரிட்டிஷ் ராணுவத்தின் மேற்பார்வையில் ஆலை மீண்டும் இயங்கத் தொடங்கி, 'பீட்டில்' காரை உலகெங்கும் அனுப்பியது. கால்வாய்க் கரையில் வரிசையாக நிற்கும் நான்கு புகைபோக்கிகள்தான் இன்றும் நகரத்தின் அடையாளம். இங்கே எல்லாமே கார்தான். ஆலை உணவகத்துக்கென்று நிறுவனமே தயாரிக்கும் 'கறிவூர்ஸ்ட்' என்ற தொத்திறைச்சிக்குக்கூட உதிரி பாகம் போல ஓர் எண் உண்டு.

1970-களின் தொடக்கத்தில் இந்த நகரம் கலங்கிப்போயிருந்தது. பீட்டிலுக்கு வயதாகிவிட்டது. 1973-ல் எண்ணெய் நெருக்கடி. மேற்கு ஜெர்மனியில் சில ஞாயிற்றுக்கிழமைகளில் கார் ஓட்டவே தடை போடப்பட்டது. 1974-ல் நிறுவனம் பெரும் நஷ்டத்தைச் சந்தித்தது. பீட்டிலின் இடத்தைப் பிடிக்க அதே ஆண்டு வந்ததுதான் கால்ஃப். வடிவமைத்தவர் இத்தாலியர் ஜார்ஜெட்டோ ஜூஜாரோ. அடிப்படை மாடலின் சக்தி வெறும் 50 குதிரைத்திறன்.

இந்த நேரத்தில் வேகக் காரைப் பற்றிப் பேசினால் யார் கேட்பார்கள்? அல்ஃபோன்ஸ் லோவன்பெர்க் என்ற எஞ்சினீயர் பேசினார். 1973 மார்ச்சில் சக ஊழியர்களுக்கு ஒரு குறிப்பு அனுப்பினார்: சாதாரணக் காரிலிருந்து ஒரு விளையாட்டுக் காரை உருவாக்கிப் பார்க்கலாமே. சிலர் சேர்ந்துகொண்டார்கள். நிறுவனத்தின் பத்திரிகைத் தொடர்பு அதிகாரி அன்டன் கொன்ராடும் அதில் ஒருவர். அலுவலக நேரத்துக்கு வெளியே, மேலிடத்தின் முறையான உத்தரவு எதுவும் இல்லாமல் வேலை நடந்தது. முதல் சோதனைக் கார் முரட்டுத்தனமாக இருந்தது, சத்தமும் அதிகம். மேலிடத்துக்குப் பிடிக்கவில்லை. கொஞ்சம் அடக்கி வாசித்த அடுத்த வடிவத்துக்குத்தான் 1975-ல் பச்சைக்கொடி கிடைத்தது.

அந்த ஆண்டு செப்டம்பரில் பிராங்பர்ட் மோட்டார் கண்காட்சியில் கார் மேடையேறியது. அடுத்த ஆண்டு விற்பனை. 1.6 லிட்டர் எஞ்சின், பெட்ரோலைப் பீய்ச்சும் ஃப்யூயல் இன்ஜெக்‌ஷன், 110 குதிரைத்திறன். எடை 810 கிலோ அளவு. மணிக்கு 182 கிலோமீட்டர் வேகம். விலை 13,850 மார்க். ஒப்பிட்டுப் பார்க்க ஒரு கணக்கு: ஏழு ஆண்டுகள் கழித்து இந்தியாவில் இறங்கிய முதல் மாருதி 800-ன் சக்தி 40 குதிரைத்திறனுக்கும் குறைவு. மொத்தம் 5,000 கார் விற்றால் போதும் என்று நினைத்தது நிறுவனம். முதல் தலைமுறை மட்டும் நாலரை லட்சத்துக்கும் மேல் விற்றது.

பந்தயக் காரின் பந்தா எதுவும் அதில் இல்லை. முன்பக்கக் கிரில்லைச் சுற்றி மெல்லிய சிவப்புக் கோடு, சற்றே தாழ்ந்த உடம்பு, அகலமான டயர், அவ்வளவுதான். உள்ளேதான் குறும்பு. துணி, வண்ணப் பிரிவில் வேலை பார்த்த குன்ஹில்ட் லில்யெக்விஸ்ட் அதற்குக் காரணம். பீங்கான் ஓவியத்தில் பயிற்சி பெற்ற அவர், லண்டனில் பார்த்த கட்டம் போட்ட துணிகளை மனதில் வைத்து சீட்டுக்குக் கட்டம் போட்டார். கியர் கம்பியின் தலையில் ஒரு கால்ஃப் பந்தைப் பொருத்தினால் என்ன என்று கேட்டார். ஆண்கள் மட்டுமே ஆண்ட எஞ்சினீயர் உலகத்தில் ஒரு பெண்ணின் இரண்டு யோசனைகள் ஐம்பது ஆண்டு கால அடையாளமாகிவிட்டன.

இந்த எண்ணம் முதலில் தோன்றியது ஜெர்மனியில்தான் என்று சொல்ல முடியாது. 1956-ன் சூயஸ் நெருக்கடியால் பெட்ரோல் தட்டுப்பாடு வந்தபோது பிரிட்டனில் அலெக் இஸிகோனிஸ் உருவாக்கியது மினி. 1959-ல் வந்த அந்தப் பொம்மைக் காரைப் பந்தயக் கார் தயாரிப்பாளர் ஜான் கூப்பர் 1961-ல் முறுக்கேற்றினார். 1964, 1965, 1967 ஆண்டுகளில் மான்டி கார்லோ ராலியில் பெரிய கார்களை அது மண்ணைக் கவ்வ வைத்தது. ஆனால் மினிக்குப் பின்கதவு கிடையாது, டிக்கிதான். பிரான்ஸில் ரெனோ 5 அல்பீன் ஜி.டி.ஐ. விற்பனைக்கு வந்த அதே 1976-ல் வந்தது. 1984-ல் பெஜோ 205 ஜி.டி.ஐ. வந்தபோது, ஓட்டுவதற்கு அதுதான் இனியது என்று சத்தியம் செய்பவர்கள் கிளம்பினார்கள். இன்றும் இருக்கிறார்கள். ஆக, எண்ணெய் பற்றாக்குறைதான் சிறிய காரைப் பெற்றது. அதைச் சிரிக்க வைத்தது எஞ்சினீயர்களின் ஆசை.

மக்களுக்கு ஏன் பிடித்தது? ஒரே காரில் இரண்டு வாழ்க்கை என்பதால். காலையில் பிள்ளைகளைப் பள்ளியில் இறக்கிவிட்டு, அலுவலகம் போய், மாலையில் காய்கறி மூட்டையோடு வீடு திரும்பலாம். சனிக்கிழமை அதே கார் மலைப்பாதையில் வளைவுகளில் விளையாடும். எடை குறைவு என்பதால் ஸ்டீரிங்கைத் தொட்டதும் திரும்பும். சந்தில் நிறுத்தலாம். மெக்கானிக்கிடம் சாதாரணக் காருக்கு வாங்கும் பல உதிரி பாகங்களே இதற்கும் பொருந்தும். பணக்காரர்களின் வேகக் கார் வாரக்கடைசிக்கு மட்டும் வெளியே வரும் பொருள். இது தினமும் உழைத்துவிட்டு விளையாடவும் வரும் கார். அதுவரை ஜெர்மன் நெடுஞ்சாலையின் வேகத் தடம் பெரிய மெர்சிடிஸ், பி.எம்.டபிள்யூ. கார்களுக்கு எழுதி வைத்த சொத்துபோல இருந்தது. இப்போது அங்கே ஒரு குட்டிக் கார் பின்னால் வந்து வழி கேட்டது. ஜெர்மானியர்கள் அதில் கண்டது ஒருவிதச் சமத்துவம்.

இந்தச் சந்தோஷத்தைப் பகிர்ந்துகொள்ள ஓர் இடம் வேண்டியிருந்தது. ரைஃப்னிட்ஸ் அதைத் தந்தது. மே மாதம் ஏரியில் குளிக்கும் சீசனுக்கு முந்தியது. விடுதி அறைகள் காலியாகக் கிடக்கும். ஜி.டி.ஐ. சொந்தக்காரர்களை அழைத்து ஒரு சின்னக் கூட்டம் போடலாம் என்ற உள்ளூர் யோசனையில் 1982-ல் முதல் சந்திப்பு நடந்தது. வந்த கார்கள் கொஞ்சம்தான். ஐந்தே ஆண்டுகளில், 1987-ல், ஊர் நடுவே 25 டன் எடையுள்ள கிரானைட் கல்லில் ஒரு கால்ஃப் ஜி.டி.ஐ. சிலை எழும் அளவுக்குத் திருவிழா வளர்ந்துவிட்டது. பொதுவாக ஊர் நடுவே தளபதிக்குத்தான் சிலை வைப்பார்கள். இந்த ஊர் காருக்கு வைத்தது.

பிறகு நிறுவனமும் களத்தில் இறங்கியது. 2007-ல் 650 குதிரைத்திறன் கொண்ட, 12 சிலிண்டர் ஜி.டி.ஐ. ஒன்றை இங்கேதான் காட்டியது. வோல்ஃப்ஸ்பர்க் ஆலையில் தொழில் பழகும் இளைஞர்கள் தாங்களே வடிவமைத்த காரை ஆண்டுதோறும் கொண்டுவந்தார்கள். ஒரு தலைமுறையின் சின்னக் கூட்டம் அடுத்த தலைமுறையின் பெருவிழாவாகிவிட்டது. ஊருக்கு வருமானம். விடுதி, உணவகம், பெட்ரோல் பங்க் எல்லாவற்றுக்கும் சீசனுக்கு முன்பே ஒரு சீசன்.

ஆனால் வண்டி பெருத்தால் சத்தமும் பெருக்கும். ஏற்கனவே பிரிட்டன் இந்தப் பாடத்தைக் கசப்பாகப் படித்திருந்தது. அங்கே 1980-களின் இறுதியில் ஹாட் ஹாட்ச் கார்களைத் திருடி ஓட்டுவது இளைஞர்களின் வெறியாக மாறியது. 1991-ல் ஆக்ஸ்போர்டின் பிளாக்பேர்ட் லேஸ் குடியிருப்பில், திருட்டுக் கார்களில் வித்தை காட்டியவர்களைப் போலீஸ் தடுக்கப்போய்க் கலவரமே மூண்டது. 1992-ல் தனிச் சட்டம் கொண்டுவர வேண்டியிருந்தது. இன்சூரன்ஸ் கட்டணம் எகிறியதில், இளைஞர்களுக்காகவே பிறந்த கார் இளைஞர்களுக்கே எட்டாமல் போனது.

வோர்த்தர்சேயில் திருட்டு இல்லை. தொல்லை வேறு வகை. பிரேக்கையும் ஆக்சிலரேட்டரையும் ஒன்றாக மிதித்து டயரைப் புகைய விடுவது, சைலன்சரைப் பிரித்துப்போட்டு வெடி வெடிப்பது, நள்ளிரவில் கரையோரச் சாலையில் ஊர்வலம் போவது. வெளியூர்க்காரனுக்கு அது ஆண்டுக்கு நான்கு நாள் கொண்டாட்டம். கரையில் குடியிருப்பவனுக்கு அது நான்கு நாளோடு முடியவில்லை. அதிகாரபூர்வ விழாவுக்குப் பல வாரங்கள் முன்பே கூட்டம் கூட்டமாக வண்டிகள் வரத் தொடங்கின. கடை வைத்திருப்பவருக்கும் தூக்கம் கெட்டவருக்கும் இடையே ஆண்டுதோறும் அதே வாக்குவாதம்.

இரு பக்கமும் நியாயம் இருந்தது என்பதுதான் சிக்கல். விழா இல்லையென்றால் மே மாத வருமானம் போகும். இருந்தாலோ, அமைதியை நம்பி வரும் கோடைக்கால விருந்தினர்களின் மதிப்பில் ஊர் குறையும். 2020-ல் கொரோனா ஒரு விடை தந்தது. விழா ரத்தாகி, அடுத்த இரண்டு ஆண்டுகளும் நடக்கவில்லை. மூன்று வசந்த காலங்கள் விழா இல்லாமல் கழிந்த பிறகு, 2022-ல் மரியா வோர்த் ஊராட்சி முடிவை அறிவித்தது: இனி இந்த விழா கிடையாது. இயற்கையை மதிக்கும் சுற்றுலாவை வளர்க்க நினைக்கும் ஊருக்கு இது பொருந்தாது என்பது அதன் வாதம்.

வேடிக்கை என்னவென்றால், விழா நின்றதே தவிரக் கூட்டம் நிற்கவில்லை. ஃபெல்டன், ஃபாக்கர்சே ஏரி வட்டாரங்களில் அழைப்பில்லாமலேயே வண்டிகள் கூடின. ஏற்பாட்டாளர் என்று யாரும் இல்லாததால் பொறுப்பேற்கவும் யாரும் இல்லை. மாநிலப் போலீஸ் சோதனைச் சாவடி போட்டு, விதி மீறி மாற்றியமைத்த வண்டிகளின் எண் பலகைகளைக் கழற்ற வேண்டியதாயிற்று. திருவிழாவை நிறுத்துவது எளிது, பக்தர்களை நிறுத்துவது கடினம் என்பதைக் கேரிந்தியா கண்டுகொண்டது.

நிறுவனம் விழாவைத் தன் வீட்டுக்கே அழைத்துக்கொண்டது. 2024 ஜூலையில் வோல்ஃப்ஸ்பர்க்கின் கால்பந்து அரங்கை ஒட்டி நடந்த விழாவுக்கு 'ஜி.டி.ஐ. வீடு திரும்புகிறது' என்ற பொருளில் பெயர் வைத்தார்கள். கார் பிறந்த ஆலை கூப்பிடு தூரத்தில். சத்தம் கேட்டு முகம் சுளிக்க மாஹ்லரின் குடில் இங்கே இல்லை. நகரத்தில் பாதிப் பேரின் சோறு காரிலிருந்துதான் வருகிறது.

ஆனால் வீடு திரும்பிய மகிழ்ச்சி ஆறு மாதம்கூட நீடிக்கவில்லை. 2024 டிசம்பரில் நிர்வாகமும் தொழிற்சங்கமும் நீண்ட இழுபறிக்குப் பின் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டன. 2030-க்குள் ஜெர்மனியில் 35,000-க்கும் அதிகமான வேலையிடங்கள் குறையும், கட்டாய ஆட்குறைப்பு இருக்காது. பெட்ரோல் கால்ஃபின் தயாரிப்பு 2027-ல் மெக்ஸிகோவின் பியூப்லா நகருக்குப் போகும். அரை நூற்றாண்டாக வோல்ஃப்ஸ்பர்க்கின் பிள்ளை என்று பெயர் வாங்கிய கார் கடல் கடக்கப்போகிறது. அதன் இடத்தில் வருபவை மின்சாரக் கார்கள். ஜி.டி.ஐ. என்ற மூன்று எழுத்து மட்டும் தங்கும்: 2023-ல் மின்சார ஜி.டி.ஐ. மாதிரி ஒன்று காட்டப்பட்டது; 2025-ல் 'ஐ.டி. போலோ ஜி.டி.ஐ.' என்ற பெயரும் அறிவிக்கப்பட்டது.

காரும் பழைய கார் இல்லை. முதல் ஜி.டி.ஐ.யின் நீளம் 3.7 மீட்டர். இன்றையது ஏறக்குறைய 4.3 மீட்டர். 810 கிலோ எடை 1,450 கிலோ அளவுக்கு ஏறிவிட்டது. விபத்திலிருந்து காக்கும் காற்றுப்பைகள், கெட்டியான கதவுகள், ஏ.சி., திரைகள் என்று ஒவ்வொன்றுக்கும் நியாயமான காரணம் உண்டு. சக்தியும் 265 குதிரைத்திறன். எல்லா வகையிலும் மேம்பட்ட கார். தவணையில் வாங்கிய ஆசிரியருக்கு மட்டும் அது கொஞ்சம் தள்ளிப்போய்விட்டது.

இந்தியாவில் இதை இன்னும் தெளிவாகப் பார்க்கலாம். 2025-ல் கால்ஃப் ஜி.டி.ஐ. முதல்முறையாக இங்கே விற்பனைக்கு வந்தது. முழுதாக இறக்குமதியானதால் ஷோரூம் விலையே சுமார் 53 லட்ச ரூபாய். மக்கள் கார் என்ற பொருள் கொண்ட பெயரைச் சுமக்கும் நிறுவனத்தின் சாமானியர் வேகக் காருக்கு இந்த விலை. வந்த கொஞ்ச கார்களும் விற்றுத் தீர்ந்தன.

நம்மூர் நடுத்தர ரசிகனுக்கு வேறு வழி இருந்தது. நீளம் நாலு மீட்டருக்குள், பெட்ரோல் எஞ்சின் 1,200 சி.சி.க்குள் இருந்தால் வரிச் சலுகை என்று 2006-ல் வந்த விதிதான் இந்திய ஹாட்ச்பேக்கின் தலையெழுத்தை எழுதியது. அந்தச் சட்டத்துக்குள் அடங்கியபடியே உற்சாகம் தேட வேண்டும். 2013-ல் புனே அருகே சாக்கனில் தயாரான போலோ ஜி.டி. டி.எஸ்.ஐ. அதைத்தான் செய்தது: 1.2 லிட்டர், டர்போ, 105 குதிரைத்திறன். 2018-ல் கோயம்புத்தூரின் ஜெயம் நிறுவனமும் டாடாவும் சேர்ந்து டியாகோவை முறுக்கேற்றி, ஏழு லட்சத்துக்கும் குறைவான ஷோரூம் விலையில் டியாகோ ஜே.டி.பி.யைத் தந்தன. ஸ்ரீபெரும்புதூரில் தயாராகும் ஐ20-க்கு 2021-ல் 'என் லைன்' என்ற துள்ளல் வடிவம் வந்தது. ஜே.டி.பி. இரண்டே ஆண்டில் நின்றது. போலோ 2022-ல் விடைபெற்றது. பழைய போலோ ஜி.டி.யைக் கண்ணும் கருத்துமாக வைத்திருப்பவர்களை இன்றும் பெங்களூர், புனே, கோவைச் சாலைகளில் பார்க்கலாம்.

ஒரு விசித்திரம். 1976-ன் அசல் ஜி.டி.ஐ.யை இன்று இந்தியாவில் விற்றால் நீளத்தில் அது சிறிய கார், எஞ்சினில் பெரிய கார். 2025 செப்டம்பரில் மாறிய ஜி.எஸ்.டி. விகிதப்படி சிறிய காருக்குரிய 18 சதவீதம் அதற்குக் கிடைக்காது; 40 சதவீதம் கட்ட வேண்டும். சாமானியர் காரை ஐம்பது ஆண்டுகள் கழித்தும் சொகுசுப் பொருளாகவே எண்ணும் வரிக்கணக்கு.

பெட்ரோல் போய் மின்சாரம் வந்தால் ஏரிக்கரைச் சண்டை தீர்ந்துவிடும் என்று நம்புபவர்கள் உண்டு. மின்சார ஜி.டி.ஐ.க்கு சைலன்சரே இல்லை, வெடிக்க என்ன இருக்கிறது? ஆனால் ரசிகர்களில் பலருக்கு அந்த உறுமல்தான் பாதி இன்பம். மீதிப் பாதி எஞ்சினில் இல்லை. அது பள்ளிக்கூட வாசலில் பிள்ளையை இறக்கிவிட்டு, வீடு திரும்பும் வழியில் ஒரே ஒரு வளைவை மட்டும் கொஞ்சம் ரசித்துத் திருப்பும் அந்த அரை நிமிஷத்தில் இருக்கிறது. லோவன்பெர்க் கேட்டதும் ஏறக்குறைய அவ்வளவுதான். அதற்கு ஒரு லட்சம் பேர் கூடத் தேவையில்லை, பக்கத்து வீட்டுக்காரரின் தூக்கமும் கெடாது.